கோட்டுப் பைக்குள் இரண்டு குச்சி

ஞாயிற்றுக்கிழமை சம்பந்தி வீட்டில் அந்தக் குச்சிகளை வெளியே எடுத்தால், அன்றைக்கே பெட்டியைத் தூக்கிக்கொண்டு பூண்டுலோயாவில் அண்ணன் வீட்டுக்குப் போய்விடுவேன் என்று இராசம்மா புதன்கிழமை காலையிலேயே அறிவித்துவிட்டாள். அறிவித்தது சமையலறையில்தான். ஆனாலும் ஹட்டன் கடைவீதியில் பாதிப் பேருக்கு விஷயம் தெரிந்திருக்கும். அவளுடைய குரல்வளம் அப்படி.

கேட்க வேண்டிய அவள் புருஷன் லியூ டாக்டர் மட்டும் கேட்டதாகக் காட்டிக்கொள்ளவில்லை. மேசையில் உட்கார்ந்து, இரண்டு குச்சிகளால் பொரித்த நெத்தலியின் தலையைக் கிள்ளித் தனியே வைத்தபடி இருந்தார். கிள்ளி முடித்ததும் இருப்பதிலேயே பெரிய நெத்தலியைக் குச்சியால் தூக்கி இராசம்மாவின் தட்டில் வைத்தார். சண்டை நடக்கும் நாட்களிலும் இது மட்டும் நிற்காது. கல்யாணமான இருபத்திரண்டு வருஷமாக நல்ல துண்டெல்லாம் அந்தக் குச்சி வழியாகத்தான் அவள் தட்டுக்கு வந்து சேர்ந்திருக்கிறது.

லியூ டாக்டரை ஹட்டனில் தெரியாதவர்கள் என்றால், பல்வலி வராதவர்களாக இருக்க வேண்டும். சீனாவில் ஏதோ ஓர் ஆற்றங்கரை ஊரில் பிறந்தவர். பதினெட்டு வயதில், காகிதப்பூ விற்கும் மாமாவோடு இலங்கைக்கு வந்தார். காகிதப்பூவும் ஹட்டன் மழையும் ஒத்துப்போகாது என்பது வந்த முதல் வாரத்திலேயே இருவருக்கும் புரிந்துவிட்டது. நல்ல வேளையாக மாமாவுக்குப் பல் பிடுங்கவும் தெரியும். கடைவீதியில் ஓர் அறையைப் பிடித்து, வாசலில் சிவப்பு ஈறும் வெள்ளைப் பல்லும் வரைந்த பலகையை மாட்டினார்கள். மாமா போய்ச் சேர்ந்த பிறகு அந்தப் பலகையும் குறடும் மருமகனுக்கு வந்தன.

அவர் முதலில் கற்றுக்கொண்ட தமிழ் நாலே நாலு சொல்: தொறங்க, மூடுங்க, துப்புங்க, வலிக்காது. இதில் கடைசிச் சொல் மட்டும் பொய். மற்ற தமிழையும் நாற்காலியில் வந்து உட்கார்ந்தவர்களிடமிருந்துதான் கற்றார் என்பதால் யாரிடம் பேசினாலும் மரியாதை குறையாது. பெண்டாட்டியையும் 'வாங்க ராசு' என்பார், வீட்டுப் பூனையையும் 'வெளிய போங்க' என்பார்.

இராசம்மாவும் அந்த நாற்காலிக்குப் பல்வலியோடு வந்தவள்தான். ஒரே ஒரு கடைவாய்ப் பல். ஒரு தடவையில் முடிய வேண்டிய காரியம். 'இன்னும் கொஞ்சம் வேர் இருக்கு, அடுத்த சனிக்கிழமை வாங்க' என்று சொல்லிச் சொல்லி ஐந்து சனிக்கிழமை வரவழைத்தார். ஆறாவது சனிக்கிழமை அவரே பூண்டுலோயாவுக்கு வந்து அவளுடைய அப்பாவிடம் பெண் கேட்டார். சாமியாரிடம் ஞானஸ்நானம் வாங்கச் சம்மதித்தார், கையைக் கட்டிக்கொண்டு பூசை பார்த்தார், அவள் வீட்டார் சொன்ன எல்லாவற்றுக்கும் தலையாட்டினார். குச்சியை மட்டும் விடவில்லை.

அந்தக் குச்சியோடு இராசம்மாவுக்கு நேர்ந்த அனுபவங்கள் கொஞ்சமல்ல. கல்யாணமான புதிதில், புருஷனுக்கு ஆசையாகச் சோறு குவித்து, அதன் உச்சியில் இரண்டு குச்சிகளையும் நட்டு வைத்துக் கொண்டுவந்தாள். மனிதர் நாற்காலியோடு பின்னால் நகர்ந்துவிட்டார். அவருடைய ஊரில் செத்தவர்களுக்குப் படைக்கும் சோற்றில்தான் அப்படி நடுவார்களாம். இன்னொரு நாள் ஒரு குச்சியை எடுத்துப் பாவாடைக்கு நாடா கோர்த்தாள். அதைப் பார்த்து அவர் இரண்டு நாள் பேசவில்லை. அவர் ஊரில் கத்தி சமையற்கட்டோடு நின்றுவிடும், எல்லாவற்றையும் அங்கேயே பொடியாக நறுக்கிவிடுவார்கள், சாப்பிடும் இடத்துக்குக் குச்சி மட்டும்தான் வரும். துரைமார் கையில் கத்தியோடு சாப்பிட உட்காருவதை நினைத்தால் அவருக்கு இன்றைக்கும் கொஞ்சம் பயம்தான்.

ஊரிலிருந்து கொண்டுவந்த மூங்கில் குச்சிகள் எப்போதோ உடைந்துபோயின. இப்போது இருப்பவை தேயிலைக் கட்டையில் செய்தவை. கந்தப்பளைத் தோட்டத்தில் செடி கவ்வாத்து வெட்டும் பழனியாண்டி, ஆறு மாதம் தூங்கவிடாத பல்லைப் பிடுங்கிவிட்ட நன்றியில், வெட்டிப்போட்ட தேயிலைக் கிளையிலிருந்து தானே செதுக்கி எண்ணெய் தடவிக் கொண்டுவந்து கொடுத்தது. இரும்பு மாதிரி இருக்கும்.

"கையால சாப்பிட்டா என்னாங்க? ஊரு ஒலகமெல்லாம் சாப்பிடலியா?" என்று கேட்டால் அவரிடம் ஒரே பதில்தான் வரும்.

"இந்தக் கை நாள் பூரா ஊரார் வாயில கெடக்குது ராசு. அதைக் கொண்டாந்து என் வாயில வைக்கச் சொல்றீங்களா?"

இதற்கு மேல் யார் என்ன பேச முடியும்? இராசம்மாவும் இருபத்திரண்டு வருஷமாகப் பேசாமல்தான் இருந்தாள். ஆனால் இது மகள் விஷயம்.

மகள் மார்கிரட் டவுன் பள்ளிக்கூடத்தில் ஆசிரியை. போன வருஷம், ஆயிரத்துத் தொளாயிரத்து ஐம்பத்தெட்டில், ஆசிரியர்களுக்கான விடுமுறை வகுப்பில் லோரன்ஸைச் சந்தித்தாள். மஸ்கெலியாப் பக்கம் ஒரு தோட்டத்துப் பாடசாலையில் படிப்பிக்கிறவன், கங்காணி ஞானரட்ணத்தின் ஒரே மகன், அதிர்ந்து பேசமாட்டான். இரண்டு பேருக்கும் பிடித்துப்போனது. வேதமும் ஒன்று. குடியுரிமை கேட்டுப் போட்ட மனுவுக்குக் கொழும்பிலிருந்து பதில் வராததிலும் இரண்டு குடும்பமும் ஒன்று. பிறகென்ன தடை?

தடையின் பெயர் சவேரியம்மா. ஞானரட்ணத்தின் அக்கா. தாயில்லாத தம்பியைத் தூக்கி வளர்த்தவள், நாற்பது வருஷம் கொழுந்து எடுத்தவள், அவள் சரி என்றால்தான் அந்த வீட்டில் அடுப்பே எரியும். பெண் பார்க்க வந்தபோது, ஹட்டன் வீட்டில் வெறுந்தேத்தண்ணீர் மட்டும் குடித்தாள். "பொண்ணு நல்லாத்தான் இருக்கு. மூக்கு கொஞ்சம் சின்னது, ஒரு மூக்குத்திய போட்டா எடுப்பாயிரும்" என்று தீர்ப்பும் சொன்னாள். போகும்போது வாசலில் நின்று, "டாக்டரய்யா நம்ம வூட்டுக்கு வந்து கை நனைக்கட்டும். அப்புறம் நாளக் குறிப்போம்" என்றாள்.

கை நனைப்பது என்றால் சும்மா இல்லை. சம்மதமில்லாத வீட்டில் யாரும் சாப்பிட உட்காரமாட்டார்கள். பெண்ணைப் பெற்றவர் போய், மாப்பிள்ளை வீட்டுச் சோற்றில் கை வைத்துவிட்டால் சம்பந்தம் உறுதி. கை வைக்காமல் எழுந்துவிட்டால் அதோடு சரி. அப்படிப்பட்ட இடத்தில் இந்த மனிதர் குச்சியைத் தூக்கினால் என்ன ஆகும் என்பதுதான் இராசம்மாவின் கவலை.

"இன்னிக்கிலேருந்து கையால சாப்பிட்டுப் பழகுங்க" என்று குச்சி இல்லாமல் சோற்றுத் தட்டை மட்டும் முன்னால் வைத்தாள். அவர் தட்டைப் பார்த்தார், கையைப் பார்த்தார், எழுந்து நோயாளியைப் பார்க்கப் போய்விட்டார். வியாழனும் அதே கதை. வெள்ளியும் அதே கதை. இது போதாதென்று அந்த வாரம் பார்த்துச் சோற்றுப் பானையும் சீக்கிரம் காலியாகத் தொடங்கியது. மத்தியானம் மூடி வைத்த சோறு நாலு மணிக்குப் பார்த்தால் பாதிதான் இருக்கும். மூடி மட்டும் ஒழுங்காக மூடியபடி இருக்கும். பல் பிடுங்கும் அறைக்குப் பின்னாலுள்ள முற்றத்தில் என்றுமில்லாமல் காக்காய்க் கூட்டம். இராசம்மா பூனையைச் சந்தேகப்பட்டாள். சந்தேகப்பட்டதோடு நிற்காமல் விளக்குமாற்றால் இரண்டு போடும் போட்டாள்.

ஞாயிறு காலை முதல் பூசை முடிந்து வந்ததும் அவருடைய கறுப்புக் கோட்டின் பைகளை ஒவ்வொன்றாகத் துழாவினாள். கைக்குட்டை, செபமாலை, கராம்பு எண்ணெய்க் குப்பி. உள்பையில் துணியில் சுருட்டிய குறடு. எங்கே போனாலும் அது கூடவே போகும், அதை அவள் தொடுவதில்லை. குச்சி இல்லை. மார்கிரட் அப்பாவின் சப்பாத்துக் காலணியை இரண்டாம் தடவை துடைத்துக்கொண்டிருந்தாள்.

"நல்லபடியா முடிச்சிட்டு வாறோம்" என்று மகளின் தலையைத் தடவிவிட்டுப் பஸ் ஏறினாள்.

மஸ்கெலியாவில் இறங்கி, தோட்டத்து ரோட்டில் ஒரு மைல் ஏற வேண்டும். வரிசை வீடுகள் கொண்ட லயத்தின் கடைசிக் காம்பரா அறையும் அதற்கு அடுத்ததும் சேர்ந்ததுதான் கங்காணி வீடு. வெள்ளையடித்து, வாசலில் தண்ணீர் தெளித்து, உள்ளே புதுப்பாய் விரித்திருந்தார்கள். வீட்டுக்குள் ஐந்து பேர்தான். வாசலிலும் சன்னலிலும் லயத்துச் சனம் அத்தனையும் நின்றது. சீனா டாக்டர் வருகிறார் என்றால் சும்மாவா?

லோரன்ஸ் ஓடிவந்து கோட்டை வாங்கி மாட்டப் போனான். டாக்டர் கொடுக்கவில்லை. அவர் பார்வை ஞானரட்ணத்தின் மேல் இருந்தது. சம்பந்தி ஆகப்போகிறவர் தலைப்பாகைத் துண்டை அவிழ்த்துத் தாடையோடு சேர்த்துக் கட்டியிருந்தார். இடது கன்னம் மாங்காய் அளவு. வரவேற்று ஏதோ சொன்னார். சொன்னது யாருக்கும் விளங்கவில்லை.

"மூணு நாளா பல்லுவலிங்க. கஞ்சிதான் குடிக்கிறாரு" என்றான் லோரன்ஸ்.

"அதுக்கென்னா, பொறகு பாத்துக்கலாம். மொதல்ல சாப்பாடு" என்றாள் இராசம்மா அவசரமாக. வந்த வேலை எது என்று அவளுக்குத் தெரியும்.

ஆனால் வலிக்கிற பல்லைக் கண்ட பிறகு லியூ டாக்டரை யார் நிறுத்த முடியும்? கங்காணியை வாசல் வெளிச்சத்தில் முக்காலி போட்டு உட்காரவைத்தார். கையைக் கழுவினார், குறட்டை வெந்நீரில் போட்டு எடுத்தார், கராம்பு எண்ணெயைத் தடவினார்.

"தொறங்க. வலிக்காது."

ஞானரட்ணம் போட்ட சத்தத்தில் அடுத்த லயத்து நாய்கள் குரைத்தன. அடுத்த நிமிஷம் பல் டாக்டர் கையில் இருந்தது. சன்னலில் நின்றவர்கள் கைதட்டினார்கள். கங்காணி கண்ணீரோடு சிரித்தார். டாக்டர் ஒரு உருண்டைப் பஞ்சைப் பள்ளத்தில் வைத்து, "கடிச்சிக்கிட்டே இருங்க. ஒரு மணி நேரம் பேசக்கூடாது, சாப்பிடக்கூடாது" என்றார். சவேரியம்மாவே செம்பில் தண்ணீர் மொண்டு ஊற்ற, சவர்க்காரம் போட்டு முழங்கைவரை கழுவிக்கொண்டார்.

காரியம் நல்லபடியாக நடக்கிறது என்று இராசம்மா பெருமூச்சு விட்டாள். பாயில் உட்கார்ந்தார்கள். பஸாரில் வாங்கிவந்த வாழையிலையில் சோறும் பருப்பும் கோஸ் சுண்டலும் கோழிக் குழம்பும் வந்தன. சவேரியம்மா டாக்டரின் இலைக்கு எதிரிலேயே சம்மணம் போட்டு உட்கார்ந்துகொண்டாள்.

டாக்டர் வலது கையை இலைவரை கொண்டுபோனார். அங்கேயே நிறுத்தினார். விரல்களை மூக்கருகே கொண்டுவந்து மோந்து பார்த்தார். கராம்பு வாசனை போகவில்லை. நகக்கண்ணில் ஒரு பொட்டு இரத்தமும் இருந்தது. ஒருமுறை கங்காணியின் வாயைப் பார்த்தார், ஒருமுறை சோற்றைப் பார்த்தார். பிறகு உள்பையிலிருந்து குறட்டுத் துணியை எடுத்து மெதுவாக விரித்தார்.

குறட்டுக்குப் பக்கத்தில் சமர்த்தாகப் படுத்திருந்தன இரண்டு குச்சிகளும்.

இராசம்மாவுக்குக் கண் இருட்டிக்கொண்டு வந்தது. அவர் பாட்டுக்கு நிதானமாகச் சாப்பிடத் தொடங்கினார். தட்டையான இலையிலிருந்து குச்சியால் சோறு எடுப்பது லேசல்ல, ஆனால் அவருக்கு அதெல்லாம் ஒரு பொருட்டா? சோற்றை ஓரத்துக்கு ஒதுக்கினார், அள்ளினார், கோழியில் எலும்பைத் தனியாகவும் சதையைத் தனியாகவும் பிரித்தார். வாசலில் நின்ற சனம் வாயைப் பிளந்தது. "கையே படலடியோவ்!" என்று ஒருத்தி ஆச்சரியப்பட்டாள்.

அவள் ஆச்சரியமாகச் சொன்னது சவேரியம்மாவுக்கு வேறு மாதிரிப் பட்டது. கிழவி மெல்ல எழுந்து நின்றாள்.

"போதுங்க டாக்டரய்யா. ரொம்ப கஷ்டப்பட வேணாம்."

டாக்டர் நிமிர்ந்தார்.

"எங்க சோறு கையில பட்டா ஒட்டிக்குமா? நாங்க தோட்டத்து சனந்தான். லயத்துலதான் இருக்கோம். அதுக்காக ஒரு பெரிய மனுசன் வூட்டுக்கு வந்து, எல பக்கத்துல உக்காந்து, தொடாம திங்கிறத இன்னிக்கித்தான் பாக்குறேன். தொரைமாரு எங்க வூட்டுக்கு வரமாட்டாக, வராட்டி போகட்டும். வந்துட்டு இப்பிடிச் செய்யமாட்டாக."

"அய்யோ அக்கா, அதில்லக்கா" என்று இராசம்மா பதறி எழுந்தாள். "அண்ணனுக்குப் பல்லப் புடுங்குன கையி. அதான் சோத்துல வைக்க யோசிக்கிறாங்க."

"கையக் கழுவலியா? நாந்தானே தண்ணி ஊத்துனேன்."

ஞானரட்ணம் "ம்ம்! ம்ம்ம்!" என்று இரண்டு கையையும் ஆட்டினார். அந்த வீட்டில் டாக்டருக்காகப் பேசக்கூடிய ஒரே ஆள் அவர்தான். அவர் வாயை டாக்டரே அடைத்து வைத்திருந்தார். பஞ்சை எடுக்கப் போனவரைப் பார்த்து, "எடுக்காதீங்க! கடிங்க!" என்று டாக்டர் அதட்டியதும் மறுபடி கடித்துக்கொண்டார்.

"பொறந்ததுலேருந்து அவங்களுக்கு இதுதாங்க்கா பழக்கம்" என்றாள் இராசம்மா. "இருபத்திரெண்டு வருசமா எஞ் சோத்தையும் இவங்க கையால தொட்டதில்ல. அதுக்காக என்னையத் தள்ளி வச்சிட்டாருன்னு ஆயிருமா? எனக்கும் இவங்களுக்கும் கல்யாணமே ஆகலன்னு ஆயிருமா?"

சன்னலில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். சவேரியம்மா சிரிக்கவில்லை.

"அது ஒங்க வூட்டுப் பாடும்மா. நாளைக்கி அந்தப் பொண்ணும் குச்சியோட வந்து எந் தம்பி வூட்டுச் சோத்த எட்ட நின்னு குத்தும். எங்களுக்கு வேணாம். லோரன்ஸு, அவுங்கள பஸ்ஸுக்குக் கொண்டுபோயி வுட்டுட்டு வா."

லோரன்ஸ் அசையவில்லை. தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். இராசம்மாவுக்கு, சப்பாத்தைத் துடைத்துக்கொண்டிருந்த மகளின் முகம் நினைவுக்கு வந்தது. அந்தப் பிள்ளையிடம் போய் என்ன சொல்வது? உன் அப்பா ஒரு பிடி சோற்றைக் கையால் எடுக்கவில்லை, அதனால் முடிந்துபோயிற்று என்றா? இருபத்திரண்டு வருஷத்தில் முதல்முறையாக அந்தக் குச்சிகளைப் பிடுங்கி அடுப்பில் போட வேண்டும் என்று அவளுக்கு வெறி வந்தது.

அதற்கு அவசியம் வரவில்லை. டாக்டரே இரண்டு குச்சிகளையும் இலையின் தலைப்பக்கம் ஒன்றாகச் சேர்த்து வைத்தார். கோட்டின் கையை மேலே சுருட்டினார். ரசம் ஊற்றச் சொன்னார். பிறகு வலது கையை மணிக்கட்டுவரை சோற்றுக்குள் விட்டார்.

அதற்குப் பிறகு நடந்ததை அந்த லயத்தில் ரொம்ப நாள் பேசியிருப்பார்கள். ஒரு கை நிறைய அள்ளினார். வாய்க்கு வருவதற்குள் முக்கால்வாசி விரலிடுக்கு வழியாகத் திரும்ப இலைக்கே போனது. மிச்சத்தை வாய்க்குள் தள்ளப் பார்த்தார், அது தாடையில் போய் உட்கார்ந்தது. ரசம் முழங்கைக்கு இறங்கி அங்கிருந்து மடிக்குச் சொட்டியது. குனிந்து வாயை இலைக்கே கொண்டுபோனார். மூக்கில் ஒரு பருக்கை. டையில் கோஸ் சுண்டல். பொட்டுப் பொட்டாகக் கோட்டு முழுக்கப் பருப்பு. ஒரு தலைமயிர் அளவு வேரைக் கூடத் தப்பவிடாத கை அது.

சனம் முதலில் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தது, பிறகு பொத்தாமலே சிரித்தது. இராசம்மா முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். அவர் மட்டும் யாரையும் பார்க்காமல், அடுத்த பிடியை அள்ளிச் சிந்தினார்.

"என்னா இது?" என்றாள் சவேரியம்மா. குரலில் இருந்த கோபம் எங்கே போனதென்று தெரியவில்லை. "மெய்யாவே தெரியாதா இந்த மனுசனுக்கு?"

அவர் வாய் நிறையச் சோற்றோடு, தெரியாது என்று தலையாட்டினார்.

"அப்பிடி இல்லிங்க. வெரல மடக்குங்க. உள்ளங்கையில படக்கூடாது. கட்ட வெரலால தள்ளுங்க... அய்ய, அய்ய! சட்ட நாசமாப் போவுது!"

அதற்கு மேல் அவளால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை. எதிரே குந்திவிட்டாள். அவருடைய இலைச் சோற்றைத் தன் பக்கம் இழுத்தாள், பருப்பையும் ரசத்தையும் விட்டு நன்றாகப் பிசைந்தாள், ஒரு துண்டுக் கோழியை உள்ளே வைத்து உருண்டை பிடித்தாள். "கைய நீட்டுங்க" என்றாள். டாக்டர் இரண்டு உள்ளங்கையையும் சேர்த்து நீட்டினார். உருண்டையை அதில் வைத்தாள்.

சாப்பிட்டார். ஒரு பருக்கையும் மிச்சமில்லை. கையை மறுபடி நீட்டினார்.

"இன்னொண்ணு வைங்கக்கா."

சவேரியம்மா அவரை ஒரு கணம் பார்த்தாள். தம்பியைத் தவிர வேறு ஆம்பிளை யாரும் அவளிடம் அப்படிக் கேட்டதில்லையோ என்னவோ. கண்ணை முழங்கையால் துடைத்துக்கொண்டு அடுத்த உருண்டையைப் பிடித்தாள். ஏழு உருண்டை போனது. ஏழாவதைப் பிடிக்கும்போது இலைத் தலைப்பில் கிடந்த குச்சி ஒன்றை எடுத்து, திருப்பி, நகத்தால் கீறிப் பார்த்தாள்.

"இது தேயிலக் கட்டயில்ல?"

"ஆமாங்க. கந்தப்பளையிலேருந்து."

"நம்ம கட்டதானா? நான் என்னமோன்னு நெனச்சேன்." முந்தானையில் துடைத்து இரண்டையும் அவர் பக்கமே வைத்தாள். "பத்திரமா வச்சிக்குங்க. பேரப்புள்ள வந்தா வெளயாடக் கேக்கும்."

ஞானரட்ணம் பஞ்சைத் துப்பிவிட்டு, "ஈஸ்டரு கழிஞ்ச மொத வாரம்!" என்று கத்தினார்.

"பேசாதீங்க! கடிங்க!" என்றார் டாக்டர்.

சாயந்தரம் லோரன்ஸ் பஸ்வரை வந்து, சவேரியம்மா கட்டிக்கொடுத்த பொட்டலத்தை இராசம்மாவின் மடியில் வைத்துவிட்டுப் போனான். அந்தப் பையன் நாள் முழுக்கப் பேசாததையெல்லாம் சேர்த்து, "அத்தை, மார்கிரட்டுகிட்ட சொல்லிருங்க" என்ற மூன்றே சொல்லில் முடித்துக்கொண்டான். பஸ் கிளம்பி முதல் வளைவு திரும்பியதும் இராசம்மாவுக்கு அடக்க முடியாத பசி எடுத்தது. இத்தனை களேபரத்தில் அவள் இலையில் அவள் கை வைக்கவே இல்லை.

பொட்டலத்தைப் பிரித்தாள். சோறு, சுண்டல், மேலே மூன்று துண்டு கோழி. டாக்டரும் கையை நீட்டினார்.

"வேணாங்க. பஸ்ஸெல்லாம் சிந்துவீங்க. வீட்டுக்குப் போயி..."

அவள் முடிக்கவில்லை. அவருடைய நாலு விரல்களும் சோற்றை ஓரமாக ஒதுக்கி, இரண்டு தடவை உருட்டி, அளவாக எடுத்தன. கட்டை விரலால் வாய்க்குள் தள்ளினார். ஒரு பருக்கை விழவில்லை. இரண்டாவது விரற்கணுவுக்கு மேலே ஈரம் ஏறவில்லை. இரண்டாவது வாய். மூன்றாவது வாய். இராசம்மாவே அவ்வளவு சுத்தமாகச் சாப்பிடமாட்டாள்.

"என்னாங்க இது?"

"புதன்கெழமையிலேருந்து பழகுறேன். பின்னால முத்தத்துல. மொத ரெண்டு நாளு முழுக்க காக்காய்ங்கதான் சாப்பிட்டுச்சு."

"அடப்பாவமே! நான் பூனைய வெளக்குமாத்தால அடிச்சேனே!"

"பாத்தேன். பாவம் அவங்க."

இராசம்மாவுக்குச் சிரிப்பதா, அவரை அடிப்பதா என்று தெரியவில்லை. "பின்ன அங்க ஏன் அந்தக் கூத்து? அவ்வளவு சனம் சிரிச்சிச்சே! எனக்கு உசிரே போச்சு. இப்பிடிச் சாப்பிட்டிருந்தா அப்பவே முடிஞ்சிருக்குமே!"

"முடிஞ்சிருக்கும்தான். சம்பந்தம் முடிஞ்சிருக்கும்." அவர் விரலைக் கைக்குட்டையில் துடைத்தார். "கையால சாப்பிடலாம்னுதான் போனேன் ராசு, குச்சி சும்மா தொணைக்கு. அந்தப் பல்லு வந்து கெடுத்துருச்சு. குச்சிய எடுத்தாச்சு, அந்தம்மாவும் கோவப்பட்டாச்சு. அதுக்கப்புறம் நான் ஒழுங்கா சாப்பிட்டா என்னா நெனைப்பாங்க? கையால சாப்பிடத் தெரிஞ்சிக்கிட்டே எங்க சோத்தத் தொடலேன்னுதானே? தெரியாதவன் மேல யாருக்கும் கோவம் வராது. அவனுக்கு ஊட்டத்தான் தோணும்."

"ஊரே சிரிச்சிச்சு."

"சிரிக்கட்டும். புள்ளைக்குத்தானே."

இராசம்மா சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். வெளியே பார்க்க ஒன்றுமில்லை, மூட்டம் இறங்கிவிட்டது. கண்ணைத் துடைத்தாள். திடீரென்று ஏதோ உறைத்தது போலச் சடாரெனத் திரும்பினாள்.

"நில்லுங்க. அப்ப அந்தக் கடவாப் பல்லு? அஞ்சு சனிக்கெழம என்னைய வரவச்சீங்களே. மெய்யாவே வேரு இருந்துச்சா?"

லியூ டாக்டர் உள்பையிலிருந்து துணியைப் பிரித்து இரண்டு குச்சிகளையும் எடுத்தார். பொட்டலத்தில் இருந்ததிலேயே நல்ல துண்டாகத் தேடி, எலும்பை நீக்கி, சதையை மட்டும் குச்சி நுனியில் பிடித்துத் தூக்கினார்.

"தொறங்க" என்றார்.

"அய்யோ, பஸ்ஸுங்க!"

"வலிக்காது."

இராசம்மா முன்னால் எட்டிப் பார்த்தாள். கண்டக்டர் யாருக்கோ மிச்சச் சில்லறை தேடிக்கொண்டிருந்தான். அவள் வாயைத் திறந்தாள்.